எந்தக் கேள்விக்கு எந்த நடு?

(அறக்கட்டளைச் சொற்பொழிவின் அச்சு வடிவம்)



பள்ளியிலேயே படித்து முடித்துவிட்ட பாடம் ஒன்றைச் சொற்பொழிவுக்குப் பொருளாக எடுத்துக்கொண்டிருக்கிறேன். கூட்டுச் சராசரி, இடைநிலை அளவு, முகடு. இந்த மூன்றையும் கண்டுபிடிக்கத் தெரியாத பட்டதாரி இந்த அரங்கில் இருக்கமாட்டார். எண்களைக் கூட்டி, எண்ணிக்கையால் வகுத்தால் சராசரி. ஏறுவரிசையில் அடுக்கி, நடுவில் நிற்பதை எடுத்தால் இடைநிலை. அதிகமுறை வருவது எதுவோ அது முகடு. செய்முறை அவ்வளவுதான். ஆனால் கையில் ஒரு தரவுத் தொகுப்பைக் கொடுத்து, "இதற்கு இந்த மூன்றில் எதைச் சொல்வீர்கள், ஏன்?" என்று கேட்டால் முதுகலை மாணவர்கள்கூடத் தயங்குகிறார்கள். தயக்கம் அவர்கள் குற்றமில்லை. அந்தக் கேள்வியை அவர்களிடம் யாரும் கேட்டதில்லை. இன்று அதை மட்டும் பேசலாம் என்றிருக்கிறேன்.

என் கருத்தை முதலிலேயே வைத்துவிடுகிறேன். ஒரு தொகுப்புக்கு நடு எது என்பதை நாம் கேட்கும் கேள்விதான் தீர்மானிக்கிறது. கேள்வி மாறினால் நடுவும் மாறும். கேள்வியைச் சொல்லாமல் நடுவை மட்டும் அறிவித்தால், அறிந்து செய்தாலும் அறியாமல் செய்தாலும், கேட்பவர் தவறான முடிவுக்குத்தான் போய்ச் சேருவார்.

ஒரு சின்னக் கணக்கு போட்டுப் பார்ப்போம். நேராகப் போகும் ஒரு தெரு. தெருமுனையிலிருந்து 0, 10, 20, 30 மீட்டர் தூரங்களில் நான்கு வீடுகள். ஐந்தாவது வீடு தள்ளி, 240 மீட்டரில். ஊராட்சி இந்தத் தெருவுக்கு ஒரே ஒரு குழாய் போடப்போகிறது. எங்கே போடலாம்? ஐந்து தூரங்களின் சராசரி 60 மீட்டர். இடைநிலை 20 மீட்டர், அதாவது மூன்றாவது வீட்டு வாசல். குழாயை 20-இல் போட்டால் ஐந்து வீட்டாரும் நடக்க வேண்டிய தூரம் 20, 10, 0, 10, 220. கூட்டினால் 260 மீட்டர். சராசரி இடமான 60-இல் போட்டால் 60, 50, 40, 30, 180, கூட்டினால் 360. தெருவில் வேறு எந்த இடத்தில் போட்டுப் பார்த்தாலும் 260-க்குக் கீழே வராது. மொத்த நடை குறைய வேண்டும் என்பதே நோக்கமானால் இடைநிலைதான் விடை. இந்தத் தெருவுக்கு மட்டுமில்லை, எந்தத் தரவுக்கும் இது பொருந்தும் என்பது நிறுவப்பட்ட தேற்றம்.

ஆனால் ஐந்தாவது வீட்டு அம்மா சும்மா இருப்பாரா? "நாலு வீடும் வாசல்ல தண்ணி பிடிக்கும், நான் மட்டும் 220 மீட்டர் குடம் சுமக்கணுமா?" என்று கேட்பார். நியாயமான கேள்விதான். பத்து மீட்டர் கூடுதலாக நடப்பது அருகில் இருப்பவருக்கு ஒன்றுமில்லை. ஏற்கெனவே 200 மீட்டர் நடப்பவருக்கு அது இடுப்பை ஒடிக்கிற வேலை. ஆகவே தூரங்களை அப்படியே கூட்டாமல் வர்க்கப்படுத்திக் கூட்டுவோம் என்று முடிவெடுத்தால், அந்தக் கூட்டுத்தொகை மிகக் குறைவாக வரும் இடம் சராசரி, 60 மீட்டர். "யாருக்கும் பெருந்தொல்லை வரக்கூடாது" என்பது ஒன்றே கொள்கை என்றால் குழாய் இரண்டு கோடிக்கும் நடுவே 120-இல் போய் நிற்கும். முதல் வீட்டாரும் கடைசி வீட்டாரும் ஆளுக்கு 120 மீட்டர் நடப்பார்கள். மொத்த நடை 540 ஆகும். இந்த மூன்றில் எது சரி என்று கணிதத்திடம் கேட்டால் அது பதில் சொல்லாது. எந்த இழப்பைக் குறைப்பது என்று ஊர் கூடி முடிவு செய்ய வேண்டும். அதன் பிறகு இடத்தைக் காட்டுவது கணிதத்தின் வேலை.

இதை மனத்தில் வைத்துக்கொண்டு நம் நாட்டுக் கணக்கு ஒன்றைப் பார்ப்போம். தேசிய மாதிரிக் கணக்கெடுப்பு அலுவலகம் 2022 ஆகஸ்ட் முதல் 2023 ஜூலை வரை நாடு முழுவதும் 2,61,746 வீடுகளில் நுகர்வுச் செலவைக் கணக்கெடுத்தது. 2024 பிப்ரவரியில் முதல் முடிவுகள் வந்தன. தலைக்கு மாதச் செலவு ஊரகத்தில் 3,773 ரூபாய், நகரத்தில் 6,459 ரூபாய். செய்திகளில் பெரிதாக அடிபட்டவை இந்த இரண்டு எண்களும்தான். இரண்டும் கூட்டுச் சராசரிகள்.

அதே வெளியீட்டில், செலவின் ஏறுவரிசையில் மக்களைப் பன்னிரண்டு பிரிவுகளாகப் பிரித்துக் காட்டும் அட்டவணை ஒன்றும் இருந்தது. என்னைக் கேட்டால் அந்தக் கணக்கெடுப்பின் உயிரே அந்த அட்டவணையில்தான் இருக்கிறது. ஊரகத்தில் கடைக்கோடி 5 விழுக்காட்டினரின் செலவு 1,373 ரூபாய். உச்சியில் உள்ள 5 விழுக்காட்டினரின் செலவு 10,501. இவை ஓரங்கள். நடுவுக்கு வாருங்கள். 100 பேரை வரிசையில் நிறுத்தினால் 41-ஆவது ஆள் முதல் 50-ஆவது ஆள் வரை உள்ள பத்துப் பேரின் செலவு 3,094 ரூபாய். அடுத்த பத்துப் பேரின் செலவு 3,455. அப்படியானால் சரியாக நடுவில் நிற்பவரின் செலவு இந்த இரண்டுக்கும் இடையில், ஏறத்தாழ 3,270 ரூபாய். சராசரி 3,773 எங்கே இருக்கிறது? 51 முதல் 60 வரை உள்ள பிரிவின் 3,455-ஐத் தாண்டி, 61 முதல் 70 வரை உள்ள பிரிவின் 3,887-ஐ நெருங்குகிறது. ஊரக இந்தியாவில் நூற்றுக்கு அறுபது பேருக்கு மேல் "சராசரி இந்தியருக்கு"க் கீழே செலவழிக்கிறார்கள்.

நகரத்திலும் இதே கதைதான். அங்கே 61 முதல் 70 வரை உள்ள பிரிவின் செலவு 6,524 ரூபாய், சராசரி 6,459. நடுவில் நிற்பவரின் செலவு 4,963-க்கும் 5,662-க்கும் இடையில் எங்கோ, சுமார் 5,300. தலைக்கு ஆயிரத்துக்கு மேல் வித்தியாசம். நான்கு பேர் உள்ள குடும்பத்துக்கு மாதம் நாலாயிரம் ரூபாய் விலகிப்போகிறது. ஒரு பிள்ளையின் பள்ளிக் கட்டணமோ வீட்டு வாடகையில் ஒரு பங்கோ அதற்குள் அடங்கிவிடும்.

இந்த விலகலுக்குக் காரணம் என்ன? அட்டவணையிலிருந்து நானே ஒரு கணக்கு போட்டேன். உச்சியில் உள்ள 5 விழுக்காட்டினரை மட்டும் ஒதுக்கி வைத்துவிட்டு மீதி 95 பேருக்குச் சராசரி கண்டால், ஊரகத்தில் 3,773 என்பது 3,419 ஆகிறது. நகரத்தில் 6,459 என்பது 5,703 ஆகிறது. நூற்றில் ஐந்து பேர் நகரத்துச் சராசரியை 750 ரூபாய்க்கு மேல் தூக்கிப் பிடித்திருக்கிறார்கள். பெருஞ்செல்வர் வீடுகள் இத்தகைய கணக்கெடுப்புகளுக்குள் சரிவரச் சிக்குவதில்லை என்பதும் துறையினர் அறிந்ததே. அவர்களும் சிக்கியிருந்தால் சராசரி இன்னும் மேலே போயிருக்கும். இடைநிலை ஏறக்குறைய இருந்த இடத்திலேயே இருந்திருக்கும்.

நிலத்திலும் அப்படித்தான். 2015-16 வேளாண் கணக்கெடுப்பின்படி இந்தியாவில் ஒரு சாகுபடிக் கைப்பற்றின் சராசரிப் பரப்பு 1.08 ஹெக்டேர். அதே கணக்கெடுப்பில், ஒரு ஹெக்டேருக்கும் குறைவான கைப்பற்றுகள் மொத்தத்தில் 68 விழுக்காட்டுக்கு மேல். மூன்றில் இரண்டு உழவர்களுக்கு எட்டாத அளவை "சராசரி உழவரின் நிலம்" என்று எழுதுகிறோம். ஒரு மானியத் திட்டத்தையோ கடன் வரம்பையோ அந்த 1.08-ஐ மனத்தில் வைத்து வகுத்தால், அது யாருக்காக வகுக்கப்பட்டதோ அவர்களில் பெரும்பாலோரைத் தொடாமலே போய்விடும்.

இவ்வளவையும் கேட்டுவிட்டுச் சராசரியே மோசடி என்று யாரும் எழுந்து போய்விட வேண்டாம். எந்த அரசும் சராசரி இல்லாமல் ஒரு நாள்கூட நடக்க முடியாது. தலைக்கு எவ்வளவு அரிசி செலவாகிறது என்ற சராசரியை மக்கள்தொகையால் பெருக்கினால் மாநிலத்துக்கு எவ்வளவு அரிசி வேண்டும் என்று தெரியும். இடைநிலையை மக்கள்தொகையால் பெருக்கினால் ஒன்றும் தெரியாது. மாவட்டச் சராசரிகளும் மக்கள்தொகையும் கையில் இருந்தால் மாநிலச் சராசரியைக் கணக்கிட்டுவிடலாம். எல்லா மாவட்ட இடைநிலைகளையும் கையில் வைத்திருந்தாலும் மாநில இடைநிலையைச் சொல்ல முடியாது. மூலத் தரவுக்கே திரும்பிப் போக வேண்டும். மின்வாரியம், குடிநீர் வாரியம், உணவு வழங்கல் துறை எல்லாவற்றுக்கும் வேண்டியது மொத்தம். மொத்தம் வேண்டும் இடத்தில் சராசரியே பொருத்தமான நடு. ஒரு சாதாரணக் குடும்பம் எப்படி வாழ்கிறது என்பது கேள்வியானால் அதற்கு இடைநிலையைத்தான் கேட்க வேண்டும். பிரான்ஸ் அரசு 2008-இல் அமைத்த, ஜோசப் ஸ்டிக்லிட்சும் அமர்த்திய சென்னும் ழான் பால் ஃபித்தூசியும் நடத்திய ஆணையம், வாழ்க்கைத் தரத்தை அளக்கும்போது சராசரியோடு இடைநிலையையும் சேர்த்துச் சொல்ல வேண்டும் என்று 2009-இல் வெளியிட்ட அறிக்கையில் பரிந்துரைத்தது. சராசரியை விட்டுவிடச் சொல்லவில்லை. சேர்த்துச் சொல்லச் சொன்னது.

இடைநிலைக்காக முதலில் வாதாடியவர்களில் ஒருவர் பிரான்சிஸ் கால்டன். 1907-இல் 'நேச்சர்' இதழில் அவர் எழுதியது இன்றும் படிக்கத் தக்கது. ஒரு நடுவர் குழு இழப்பீட்டுத் தொகையை முடிவு செய்கிறது, ஒரு சங்கத்தின் செயற்குழு ஒரு செலவுக்குப் பணம் ஒதுக்குகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆளுக்கொரு தொகை சொல்கிறார்கள். சராசரி எடுத்தால், அளவுமீறிய தொகை சொன்னவருக்கு அளவுமீறிய அதிகாரம் போய்விடுகிறது. இடைநிலை எடுத்தால் ஆளுக்கு ஒரு வாக்கு, எல்லா வாக்கும் சமம். இதுதான் அவர் வாதம். அடுத்த சில நாட்களில் பிளிமத் நகரக் கால்நடைக் கண்காட்சித் தரவை அவர் வெளியிட்டார். ஒரு கொழுத்த மாட்டை அறுத்துச் சுத்தம் செய்தால் இறைச்சி எவ்வளவு எடை வரும் என்று மக்கள் காசு கட்டி எழுதிப் போட்ட சீட்டுகள், மொத்தம் 787. அவற்றின் இடைநிலை 1,207 பவுண்டு. உண்மை எடை 1,198.

வாசகர் ஒருவர் சராசரியையும் கேட்க, கால்டன் அதையும் கணக்கிட்டுச் சொன்னார்: 1,197. ஒரே பவுண்டு வித்தியாசம்! இடைநிலைக்காக வாதாடியவரின் தரவிலேயே சராசரி முந்திக்கொண்டது. இதில் வியப்பில்லை. கூட்டியும் குறைத்தும் எழுதிய பிழைகள் இருபக்கமும் ஏறத்தாழச் சமமாக விழுந்திருந்தால், சராசரி ஒவ்வொரு சீட்டிலிருந்தும் கொஞ்சம் செய்தியை எடுத்துக்கொள்கிறது. இடைநிலை, வரிசையில் யார் முன், யார் பின் என்பதை மட்டும் பார்க்கிறது. ஆய்வகத்தில் ஒரே பொருளைப் பலமுறை எடைபோட்டுச் சராசரி எடுக்கும் வேதியியல் ஆசிரியர் செய்வது சரிதான். பிழைகள் ஒருதலையாக விழும் இடத்திலும், ஒருவர் வேண்டுமென்றே எண்ணை ஏற்றிச் சொல்ல வாய்ப்புள்ள இடத்திலும்தான் கால்டனின் எச்சரிக்கை தேவைப்படுகிறது. நீரில் குதிக்கும் போட்டிகளில் ஏழு நடுவர்கள் மதிப்பெண் போட்டால் மேலே இரண்டையும் கீழே இரண்டையும் நீக்கிவிட்டு, மீதி மூன்றை மட்டும் எடுத்துக்கொள்கிறார்கள். இரண்டு அளவைகளின் நல்ல குணங்களையும் சேர்த்துக்கொள்ளும் ஏற்பாடு அது.

இனி நம் வீட்டுக் கதைக்கு வருகிறேன். காவிரி.

1990 ஜூன் 2-இல் அமைக்கப்பட்ட காவிரி நடுவர் மன்றம் 2007 பிப்ரவரி 5-இல் இறுதித் தீர்ப்பளித்தது. காவிரிப் படுகையில் கிடைக்கும் மொத்த நீர் ஆண்டுக்கு 740 டி.எம்.சி. என்று வைத்து, தமிழ்நாட்டுக்கு 419, கர்நாடகத்துக்கு 270, கேரளத்துக்கு 30, புதுச்சேரிக்கு 7, சுற்றுச்சூழலுக்கு 10, தவிர்க்க முடியாமல் கடலில் கலப்பதற்கு 4 என்று பிரித்தது. கூட்டிப் பாருங்கள், 740 வரும். 2018 பிப்ரவரி 16-இல் உச்ச நீதிமன்றம் தமிழ்நாட்டின் பங்கை 404.25 ஆகக் குறைத்து, கர்நாடகத்தின் பங்கை 284.75 ஆக உயர்த்தியது. 740 என்ற மொத்தத்தில் கைவைக்கவில்லை.

419-உம் 404-உம் நம் ஊர்த் தேநீர்க் கடைகளில்கூடப் பேசப்பட்டன. 740-ஐப் பற்றி அவ்வளவு பேச்சில்லை. அது எப்படி வந்த எண்? நீரியலில் அதை "50 விழுக்காடு நம்பகத்தன்மை" கொண்ட அளவு என்பார்கள். பல ஆண்டுகளின் நீர்வரத்தை வரிசைப்படுத்தினால், பாதி ஆண்டுகளில் இந்த அளவோ இதற்கு மேலோ வந்திருக்கும்; மீதிப் பாதியில் இதற்குக் கீழே வந்திருக்கும். ஏறுவரிசையில் அடுக்கி நடுவில் நிற்பதை எடுப்பதற்குப் பள்ளியில் நாம் படித்த பெயர் இடைநிலை. ஆக, நான்கு அரசுகளுக்கு இடையே ஓர் ஆற்றைப் பங்கிட்ட கணக்கின் அடித்தளம் ஓர் இடைநிலை அளவு.

எல்லா ஆற்றுக்கும் அப்படிச் செய்வதில்லை. கிருஷ்ணா ஆற்றுக்கு பச்சாவத் நடுவர் மன்றம் 75 விழுக்காடு நம்பகத்தன்மையை எடுத்துக்கொண்டது. நான்கு ஆண்டுகளில் மூன்றிலாவது கிடைக்கும் அளவு எதுவோ அதை மட்டும் பங்கிடுவோம் என்பது அதன் பொருள், 2,060 டி.எம்.சி. வந்தது. நர்மதைக்கும் 75 விழுக்காடுதான். கிருஷ்ணாவுக்கான இரண்டாவது நடுவர் மன்றம் 2010-இல் மறுபடி கணக்கிட்டபோது ஒரே ஆற்றுக்கு மூன்று எண்கள் வந்தன. 75 விழுக்காட்டில் 2,173. 65 விழுக்காட்டில் 2,293. ஆண்டுச் சராசரி 2,578. முதலுக்கும் கடைசிக்கும் உள்ள வித்தியாசம் 405 டி.எம்.சி. காவிரியில் தமிழ்நாட்டின் பங்கு முழுவதையும் அந்த வித்தியாசத்துக்குள் வைத்துவிடலாம். எந்த அளவையை எடுப்பது என்ற முடிவு, ஒரு மாநிலத்தின் உழவைத் தீர்மானிக்கும் அளவுக்குப் பெரியது.

நடுவர் மன்றங்களின் தீர்ப்பை எடைபோட எனக்குத் தகுதியில்லை. அதற்கான மேடையும் இதுவல்ல. 75-ஐ எடுத்தால் பங்கிடக் கிடைக்கும் நீர் குறையும், பற்றாக்குறை ஆண்டுகளும் குறையும். 50-ஐ எடுத்தால் காகிதத்தில் எல்லாருக்கும் கூடுதலாகக் கிடைக்கும், பற்றாக்குறை ஆண்டுகளும் கூடும். இரண்டுக்கும் நியாயம் உண்டு. ஆனால் இடைநிலையை எடுத்துக்கொண்ட பிறகு அதன் பொருளை மறக்கக்கூடாது. 740-க்குக் குறைவான ஆண்டு என்பது இயற்கை திடீரென்று செய்த துரோகம் அன்று. இரண்டு ஆண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் எதிர்பார்க்க வேண்டிய நிகழ்வு. நடுவர் மன்றம் இதை அறிந்தே, பற்றாக்குறை ஆண்டில் எல்லார் பங்கும் அதே விகிதத்தில் குறையும் என்றது. அப்படிக் குறைப்பதை மாதவாரியாக எப்படிச் செய்வது என்பதில்தான் ஒவ்வொரு வறண்ட ஆண்டிலும் சண்டை மூளுகிறது. அந்தக் கணக்கை நல்ல மழை பெய்த ஆண்டில் உட்கார்ந்து பேசி எழுதி வைத்திருக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

அதே காவிரிப் பங்கீட்டில் இன்னொரு பாடமும் இருக்கிறது. கர்நாடகம் எல்லையிலுள்ள பிலிகுண்டுலுவில் தமிழ்நாட்டுக்குத் தர வேண்டியது இப்போது ஆண்டுக்கு 177.25 டி.எம்.சி. பன்னிரண்டால் வகுத்தால் மாதத்துக்கு 14.77. இந்த எண்ணை வைத்துக்கொண்டு தஞ்சை உழவர் என்ன செய்வார்? உண்மையான அட்டவணை ஜூனில் 9.19, ஜூலையில் 31.24, ஆகஸ்டில் 45.95, செப்டம்பரில் 36.76, அக்டோபரில் 20.22, நவம்பரில் 13.78, டிசம்பரில் 7.35, ஜனவரியில் 2.76, பிப்ரவரி முதல் மே வரை மாதம் இரண்டரை என்று போகிறது. நவம்பரைத் தவிர வேறு எந்த மாதமும் 14.77-க்குப் பக்கத்தில்கூட இல்லை. ஜூன் 12-இல் மேட்டூர் திறந்து, குறுவை நட்டு, சம்பாவுக்கு நாற்றங்கால் போடுகிறவருக்கு ஜூலை, ஆகஸ்ட், செப்டம்பர் மூன்று மாதங்களில் வரும் 113.95-தான் வாழ்வு. அங்கே சராசரியும் பயன்படாது, இடைநிலையும் பயன்படாது. தேவை, பயிரின் பருவத்தோடு ஒட்டிய அட்டவணை மட்டுமே.

நடுவே கேள்வியாக இல்லாத இடங்கள் வேறும் உண்டு. 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் காயல்பட்டினத்தில் 24 மணி நேரத்தில் சுமார் 95 சென்டிமீட்டர் மழை கொட்டியது. பாலமும் மதகும் கட்டும் பொறியாளர் தூத்துக்குடியின் சராசரி மழையைப் பார்த்துக் கட்டினால் அது அந்த ஒரு நாளில் அடித்துக்கொண்டு போய்விடும். அவர் பார்க்க வேண்டியது ஓரத்தை. ஓர எண்ணைப் "பிறழ்வு" என்று பெயரிட்டுத் தூக்கி எறிவதற்கு முன், அது தட்டச்சில் கூடுதலாக விழுந்த ஒரு சுழியமா, அல்லது நிஜமாகவே பெய்த மழையா என்று விசாரிப்பது நம் கடமை.

முகட்டைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். செருப்புக் கடைக்காரருக்கு வாடிக்கையாளர்களின் சராசரிக் கால் அளவால் பயனில்லை. எந்த அளவு அதிகம் விற்கிறதோ அதைத்தான் கூடுதலாக வாங்கி அடுக்குவார். குருதி வகை, தாய்மொழி, பிடித்த பாடம் ஆகியவற்றைக் கூட்டவும் முடியாது, வரிசைப்படுத்தவும் முடியாது. அங்கே முகடு ஒன்றே வழி. நம் தேர்தலே முகடு காணும் முறைதான்: யாருக்கு அதிக வாக்கோ அவர் வென்றவர், பாதியைத் தாண்ட வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. "மிக நன்று, நன்று, சுமார்" என்று வாங்கும் கருத்துப் படிவங்களுக்கு 5, 4, 3 என்று எண் கொடுத்துச் சராசரி 3.87 என்று அறிவிப்பது இப்போது கல்லூரிதோறும் நடக்கிறது. நன்றுக்கும் சுமாருக்கும் உள்ள தூரமும் மிக நன்றுக்கும் நன்றுக்கும் உள்ள தூரமும் சமம் என்று யார் அளந்தார்கள்? அங்கே இடைநிலையோ முகடோ சொன்னால் போதும்.

முகட்டின் பெரிய பயன், ஒரு தொகுப்பில் இரண்டு முகடுகள் இருக்கும்போது நம்மை எச்சரிப்பது. விடுதலை பெற்ற காலத்தில் இந்தியரின் சராசரி ஆயுள் சுமார் 32 ஆண்டுகள். இதைப் படித்துவிட்டு, அந்தக் காலத்தில் முப்பது வயதுக்காரர்கள் கிழவர்களாக இருந்தார்கள் என்று நினைக்கும் மாணவர்கள் இன்றும் இருக்கிறார்கள். சாவுகள் பெருமளவில் குவிந்திருந்தது பிறந்த முதல் சில ஆண்டுகளில். அந்த வயதைத் தாண்டியவர்களில் எத்தனையோ பேர் பேரன் பேத்தி எடுத்தார்கள். நம் கொள்ளுப்பாட்டிகள் பத்துப் பெற்று நாலு பிழைத்தது என்று சொன்ன கணக்கும் அந்த 32-உம் ஒரே துயரத்தின் இரண்டு வடிவங்கள். சராசரி அந்தத் துயரத்தைக் குழந்தைகளிடமிருந்து எடுத்து, நடுவயதினர் தலையில் போட்டுக் காட்டுகிறது. இரண்டு முகடுகள் உள்ள தொகுப்புக்கு ஒரே நடுவைச் சொல்லவே கூடாது. இரண்டாகப் பிரித்துச் சொல்ல வேண்டும்.

மருத்துவமனையில் இடைநிலைக்குத் தனி இடம் உண்டு. ஒரு நோய் வந்தவர்கள் எத்தனை காலம் பிழைக்கிறார்கள் என்பதற்குச் சராசரி காண, கடைசி நோயாளியும் இறக்கும்வரை காத்திருக்க வேண்டும். பாதிப் பேர் இறந்த உடனே இடைநிலை தெரிந்துவிடும். அதனால்தான் மருத்துவ ஆய்வுகள் இடைநிலையைச் சொல்கின்றன. ஆனால் அதைத் தவறாகப் படித்தால் நம்பிக்கையைக் கொன்றுவிடும். அமெரிக்க உயிரியலாளர் ஸ்டீபன் ஜே கூல்டுக்கு 1982-இல் வயிற்றில் அரியவகைப் புற்றுநோய் கண்டுபிடிக்கப்பட்டது. நோய் தெரிந்த பின் வாழும் காலத்தின் இடைநிலை எட்டு மாதம் என்று நூல்கள் கூறின. அவர் அந்த எண்ணுக்கு அப்பால் யோசித்தார். பாதிப் பேர் எட்டு மாதத்துக்குள் இறக்கிறார்கள் என்றால், மீதிப் பாதிப் பேர் எட்டு மாதத்துக்கு மேல் வாழ்கிறார்கள். கீழ்ப்பக்கம் சுழியத்தில் முட்டி நின்றுவிடும்; மேல்பக்கம் எவ்வளவு தூரமும் நீளலாம். தாம் அந்த நீண்ட பக்கத்தில் இருக்கக் காரணங்கள் உண்டு என்று கண்டார். இதை 1985-இல் கட்டுரையாக எழுதினார். அவர் இறந்தது 2002-இல், இருபது ஆண்டுகள் கழித்து, வேறொரு புற்றுநோயால். எந்த நடுவைச் சொன்னாலும் அதைச் சுற்றி எண்கள் எப்படிப் பரவிக் கிடக்கின்றன என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும் என்பதற்கு இதைவிட நெகிழ்ச்சியான சான்று எனக்குத் தெரியாது.

கூட்டுச் சராசரியைத் தவிர வேறு சராசரிகளும் உண்டு. பெருக்கிப் பெருக்கி வளரும் பொருள்களுக்கு, எண்களைக் கூட்டாமல் பெருக்கி மூலம் காணும் பெருக்குச் சராசரி வேண்டும். நூறு ரூபாய் ஓர் ஆண்டு 50 விழுக்காடு ஏறி, மறு ஆண்டு 50 விழுக்காடு இறங்கினால் கையில் மிஞ்சுவது 75. கூட்டுச் சராசரியோ "மாற்றம் சுழியம்" என்று சொல்லும். ஐக்கிய நாடுகளின் மனிதவள மேம்பாட்டுக் குறியீடு 2010 முதல் கூட்டுச் சராசரியை விட்டுப் பெருக்குச் சராசரிக்கு மாறியது. வருமானத்தில் உயர்ந்துவிட்டு, கல்வியில் பின்தங்கிய நாடு, ஒன்றைக் கொண்டு மற்றொன்றை முழுதாக ஈடுகட்டிக்கொள்ள முடியாதபடி செய்யவே அந்த மாற்றம். ஓர் அளவையின் தேர்வுக்குள் ஒரு நீதி ஒளிந்திருக்கிறது என்று நான் சொல்வது இதைத்தான். போகும்போது 60 கிலோமீட்டர், வரும்போது 30 கிலோமீட்டர் வேகத்தில் ஓடிய பேருந்தின் சராசரி வேகம் 45 ஆகாது, 40 என்பதை இங்குள்ள மாணவர்கள் வீட்டுக்குப் போய்ச் சரிபார்க்கட்டும். அது இசைச் சராசரி.

முடிக்கும் முன் இரண்டு வேண்டுகோள்கள்.

ஒன்று, இதழாளர்களுக்கும் அரசுத் துறையினருக்கும். வருமானம், செலவு, கூலி, நிலம், வாடகை ஆகிய ஐந்திலும் சராசரியை மட்டும் தனியாக அச்சிடாதீர்கள். பக்கத்தில் இடைநிலையையும் போடுங்கள். மூலத் தரவு கணினியில் இருக்கிறது. ஒரே வரி ஆணையில் வந்துவிடும் எண் அது.

மற்றொன்று, என் சக ஆசிரியர்களுக்கு. நம் வினாத்தாள்களில் "பின்வரும் விவரங்களுக்குச் சராசரி, இடைநிலை, முகடு காண்க" என்று ஒரே தரவுக்கு மூன்றையும் கேட்கிறோம். மூன்று விடையும் சரியாக இருந்தால் முழு மதிப்பெண் போடுகிறோம். அந்த வினாவுக்குக் கீழே இன்னும் ஒரு வரி சேருங்கள்: "இவற்றுள் எது இங்கே பொருத்தமானது? காரணம் கூறுக." அதற்கு இரண்டு மதிப்பெண் ஒதுக்குங்கள். வரும் பருவத் தேர்விலிருந்தே தொடங்கலாம்.